ஒரு பந்து பறித்த உயிர்

(ரே சாப்மன் வாழ்க்கை வரலாறு)

மூன்றாமாண்டு மாணவன், இயந்திரவியல் துறை



ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டு நோட்டீஸ் போர்டில் ஒட்டியதுமே நம்ம பசங்க ஆளுக்கொரு பெரியவரைப் பிடித்துக் கொண்டார்கள். ஒருவன் எடிசன், ஒருவன் விஸ்வேசுவரய்யா, ஒருவன் ஜேம்ஸ் வாட். மிச்சம் இருந்தவர்கள் கவிதைப் பக்கம் போய்விட்டார்கள். நான் எழுதப்போவது விஞ்ஞானியைப் பற்றியும் இல்லை, தலைவரைப் பற்றியும் இல்லை. நூறு வருஷத்துக்கு முன்னால் இறந்துபோன ஒரு பேஸ்பால் ஆட்டக்காரரைப் பற்றி. அவர் பெயர் ரே சாப்மன். நம்ம ஊரில் இந்தப் பெயர் அவ்வளவாகத் தெரியாது. அமெரிக்காவில் பேஸ்பால் சரித்திரம் படித்தவர்கள் யாரும் இந்தப் பெயரை மறக்க மாட்டார்கள்.

அமெரிக்கப் பெரிய லீக் ஆட்டங்களில், எறிந்த பந்து தலையில் பட்டு உயிரை விட்ட ஒரே ஆட்டக்காரர் அவர்தான். 150 ஆண்டுக்கு மேற்பட்ட சரித்திரத்தில் ஒரே ஒருவர்!

மெக்கானிக்கல் படிக்கிற பையனுக்கு பேஸ்பால் எதற்கு என்று கேட்கத் தோன்றும். காரணம் இருக்கிறது. அதில் என் தப்பு ஒன்றும் கலந்திருக்கிறது. கடைசியில் சொல்கிறேன். முதலில் அந்த மனுஷனைத் தெரிந்து கொள்வோம்.

சுரங்க ஊரிலிருந்து

ரே சாப்மன் 1891 ஜனவரி 15-ஆம் தேதி அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில் பீவர் டாம் என்ற சின்ன ஊரில் பிறந்தார். அவர் சிறுவனாக இருக்கும்போதே குடும்பம் இல்லினாய் மாநிலத்து ஹெரின் என்ற ஊருக்குக் குடிபெயர்ந்தது. ஹெரின் நிலக்கரி ஊர். மண்ணுக்குக் கீழே இறங்கிப் பிழைப்பவர்களின் ஊர். அப்படிப்பட்ட ஊரில் ஒரு பையனுக்கு மேலே வர வழி எத்தனை இருக்கும்? சாப்மனுக்குக் கிடைத்த வழி பேஸ்பால்.

சின்னச் சின்ன லீக்குகளில் ஆடி, 1912 ஆகஸ்ட் 30-ஆம் தேதி கிளீவ்லாண்ட் அணியில் முதன்முதலாகப் பெரிய லீக் ஆட்டம் ஆடினார். அப்போது வயது 21. சாகும்வரை அந்த ஒரே அணிதான். அந்த அணிக்கு அன்று நேப்ஸ் என்று பெயர். 1915-இல் இந்தியன்ஸ் ஆனது. (நம்மைச் சொல்லவில்லை நண்பர்களே, அமெரிக்கப் பழங்குடி மக்களைச் சொன்ன பெயர் அது. அந்த மக்கள் பல காலம் எதிர்ப்புத் தெரிவித்த பிறகு 2022 பருவத்திலிருந்து கார்டியன்ஸ் என்று மாற்றிவிட்டார்கள்.)

இங்கே ஆட்டத்தைப் பற்றி நாலு வரி சொல்லிவிடுகிறேன். நமக்கெல்லாம் கிரிக்கெட்தான் தெரியும். பேஸ்பாலில் பௌலருக்குப் பதில் பிட்ச்சர். பந்து தரையில் குத்தி எழும்பாது, நேராகக் காற்றிலேயே வரும். அடித்தவர் நான்கு மூலைகளையும் சுற்றி ஓடி வந்தால் ஒரு ரன். இரண்டாவது மூலைக்கும் மூன்றாவது மூலைக்கும் நடுவே நிற்கிற ஃபீல்டருக்கு ஷார்ட்ஸ்டாப் என்று பெயர். நம்ம பாயிண்ட் ஃபீல்டர் மாதிரி, சுறுசுறுப்பான ஆள்தான் அங்கே நிற்க முடியும். சாப்மன் அந்த இடத்து ஆட்டக்காரர்.

ஓட்டத்தில் அவர் புயல். 1917-இல் பாஸ்டனில் நடந்த ஒரு நிதியுதவி ஆட்ட நாளில் ஓட்டப் போட்டி வைத்தார்கள். நான்கு மூலையையும் 14 விநாடியில் சுற்றி வந்தார். மொத்தம் 360 அடி, அதாவது ஏறக்குறைய 110 மீட்டர். நடுவில் மூன்று இடத்தில் திரும்ப வேண்டும். நம்ம கிரவுண்டில் நேர்கோட்டில் நூறு மீட்டர் 14 விநாடியில் ஓடுகிற ஆளுக்கே நாம் கைதட்டுகிறோம்!

அதே 1917-இல் இன்னொரு சாதனை. பேஸ்பாலில் தியாக அடி என்று ஒன்று உண்டு. அடிப்பவர் தான் அவுட் ஆவது தெரிந்தே பந்தை மெல்லத் தட்டிவிடுவார். அந்த நேரத்தில் ஏற்கெனவே மூலையில் நிற்கிற சக ஆட்டக்காரர் ஒரு மூலை முன்னேறிவிடுவார். அந்த ஒரு பருவத்தில் சாப்மன் இப்படி 67 முறை தன்னைக் கொடுத்து அணியை முன்னேற்றினார். ஒரே பருவத்தில் அத்தனை தியாக அடி இன்றுவரை வேறு யாரும் அடித்ததில்லை. அதே ஆண்டில் 52 மூலைகளைத் திருட்டு ஓட்டமாக ஓடிப் பிடித்தார். அவர் அணியில் அந்தக் கணக்கை முறியடிக்க 1980 வரை ஆகிவிட்டது. 1918-இல் தன் லீக்கிலேயே அதிக ரன், 84.

ஆட்டம் இருக்கட்டும், ஆள் எப்படி? சிரித்த முகம். நன்றாகப் பாடுவார். ரயில் பயணத்தில் சக ஆட்டக்காரர்களைச் சேர்த்துக்கொண்டு பாட்டுக் கச்சேரி. எதிரணி ஆட்டக்காரர்களுக்கும் அவரைப் பிடிக்கும். நம்ம ஹாஸ்டலில் ரூமுக்கு ஒருத்தன் இருப்பானே, அவன் இருந்தால் மெஸ் சாப்பாடுகூட ருசிக்கும் என்கிற மாதிரி, அப்படி ஒரு ஆள்.

1919 அக்டோபரில் கேத்லீன் டேலி என்ற கிளீவ்லாண்ட் பெண்ணைக் கைப்பிடித்தார். மாமனார் பெரிய எரிவாயு நிறுவனத்தின் தலைவர். மாப்பிள்ளைத் தோழனாக நின்றவர் அணித் தலைவரும் உயிர்த் தோழருமான ட்ரிஸ் ஸ்பீக்கர். 1920 பருவத்தோடு ஆட்டத்தை விட்டுவிட்டு மாமனாரின் தொழிலில் சேர்ந்து குடும்பமாக உட்காரலாம் என்ற எண்ணம் சாப்மனுக்கு இருந்தது. கேத்லீன் கருவுற்றிருந்தார். அணியும் முதலிடத்துக்கு முட்டி மோதிக்கொண்டிருந்தது. எல்லாம் கூடி வந்த வருஷம் அது.

எதிரே நின்றவர்

கார்ல் மேஸ் என்பவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். அவரும் அதே 1891-இல், அதே கென்டக்கி மாநிலத்தில் பிறந்தவர்தான். நியூயார்க் யாங்கீஸ் அணியின் பிட்ச்சர். கையை மேலே தூக்கி எறிய மாட்டார். உடம்பை வளைத்து, விரல் தரையை உரசுகிற உயரத்திலிருந்து பந்தைக் கிளப்புவார். கீழிருந்து மேலே ஏறி வருகிற பந்து. கணிப்பது ரொம்பக் கஷ்டம்.

சாப்மன் எல்லாருக்கும் பிடித்தவர் என்றால் மேஸ் நேர் எதிர். முசுடு. சொந்த அணியிலேயே நண்பர்கள் குறைவு. அடிப்பவரின் உடம்புக்குப் பக்கத்தில் எறிந்து பயம் காட்டுகிறவர் என்ற பெயரும் இருந்தது. அந்தக் காலத்தில் பல பிட்ச்சர்கள் செய்ததுதான் அது. ஆனால் கெட்ட பெயர் உள்ளவன் கையில் விபத்து நடந்தால் அது விபத்தாகப் பார்க்கப்படாது, இல்லையா?

அந்தப் பந்து

இனிதான் நம்ம சப்ஜெக்ட் வருகிறது. விபத்து என்றால் மெஷினையும் பார்க்க வேண்டும், மெட்டீரியலையும் பார்க்க வேண்டும்.

பேஸ்பால் பந்து ஏறக்குறைய 145 கிராம். பிட்ச்சர் நிற்கும் இடத்துக்கும் அடிப்பவருக்கும் 60 அடி 6 அங்குலம், அதாவது 18.4 மீட்டர். மேஸ் அன்று என்ன வேகத்தில் எறிந்தார் என்று அளக்கக் கருவி கிடையாது. ஒரு கணக்குக்காக விநாடிக்கு 40 மீட்டர் என்று வைத்துக் கொள்வோம். இன்றைய பிட்ச்சர்கள் சாதாரணமாகத் தொடுகிற வேகம்தான். பந்து கையை விட்டதும் அரை விநாடிகூட ஆகாது, முகத்துக்கு வந்துவிடும். நம்ம அப்ளைடு மெக்கானிக்ஸ் ஃபார்முலாவைப் போட்டால் இயக்க ஆற்றல் 116 ஜூல். ஒரு கிலோ எடைக்கல்லை 12 மீட்டர் உயரத்திலிருந்து போட்டால் எவ்வளவோ அவ்வளவு. அது நேராக நெற்றிப்பொட்டில் இறங்கினால்?

இதற்கு ஒரே பாதுகாப்பு கண்தான். பந்தைப் பார்த்தால் விலகலாம். ஆனால் பார்க்க முடிந்ததா?

அந்த நாளில் ஒரு பந்தை எடுத்தால் கிழிகிற வரை ஓட்டுவார்கள். பந்து காசு பெறும் பொருள், தூக்கிப் போடக்கூடாது என்பது அணி முதலாளிகளின் எண்ணம். பிட்ச்சர்கள் வேறு தங்கள் பங்குக்கு எச்சில், புகையிலைச் சாறு, அதிமதுரச் சாறு, மண் என்று எல்லாவற்றையும் அதன் மேல் தடவுவார்கள். வழுக்கினால் பந்து கோணலாகப் போகும் என்பதற்காக. வெள்ளைப் பந்து சில இன்னிங்ஸில் மண் உருண்டை நிறத்துக்கு வந்துவிடும். 1920 பருவத் தொடக்கத்தில் எச்சில் பந்துக்குத் தடை போட்டார்கள். ஆனால் ஏற்கெனவே அதை நம்பிப் பிழைத்த சில பிட்ச்சர்களுக்கு மட்டும் விலக்கு. அதோடு நடுவர்கள் பந்துகளை அடிக்கடி மாற்றுகிறார்கள், செலவு கட்டுப்படி ஆகவில்லை என்று முதலாளிகள் புகார் சொல்ல, முடிந்தவரை பந்தை மாற்றாமல் ஓட்டுங்கள் என்று லீக் தலைவர் பான் ஜான்சன் நடுவர்களுக்குச் சொல்லியிருந்தார்.

தலையில் ஹெல்மெட்? கிடையாது. துணித் தொப்பி மட்டும்தான்.

1920 ஆகஸ்ட் 16, திங்கட்கிழமை

நியூயார்க்கில் போலோ கிரவுண்ட்ஸ் மைதானம். மேகமூட்டம், தூறல் ஈரம். 20,000 பேருக்கு மேல் கூட்டம். யாங்கீஸ் அணியில் அந்த வருஷம்தான் வந்து சேர்ந்திருந்த பேப் ரூத் வலது பக்கத்தில் ஃபீல்டிங். ஐந்தாவது இன்னிங்ஸ். முதலில் அடிக்க வந்தார் சாப்மன்.

அவர் ஸ்டைல் எல்லாருக்கும் தெரியும். ஹோம் பிளேட்டை ஒட்டி நிற்பார், குனிந்து தலையை உள்ளே நீட்டியபடி. மேஸ் வளைந்தார், எறிந்தார். பந்து உள்பக்கமாக உயர்ந்து வந்தது.

சாப்மன் அசையவே இல்லை. பார்த்தவர்கள் பலரும் சொன்னது இதைத்தான். தலையை விலக்கவில்லை, கையைத் தூக்கவில்லை. பந்தை அவர் பார்க்கவே இல்லை என்றுதான் நினைக்கத் தோன்றுகிறது.

மைதானம் முழுக்கக் கேட்கிற மாதிரி ஒரு சத்தம். பந்து மேஸ் பக்கமே உருண்டு வந்தது. மட்டையில் பட்ட சத்தம் என்று நினைத்துக்கொண்டு மேஸ் அதை எடுத்து முதல் மூலையில் இருந்த வாலி பிப்புக்கு எறிந்தார். பந்தைப் பிடித்துத் திரும்பிய பிப், அப்படியே நின்றுவிட்டார். சாப்மன் பிளேட்டுக்குப் பக்கத்தில் சரிந்து கொண்டிருந்தார். இடது நெற்றிப்பொட்டு. காதிலிருந்து ரத்தம்.

நடுவர் டாம் கானலி கூட்டத்தைப் பார்த்து டாக்டர் யாராவது இருந்தால் வரச் சொல்லிக் கூவினார். அடுத்து அடிக்கக் காத்திருந்த ஸ்பீக்கர் ஓடி வந்து நண்பனைத் தாங்கினார். கொஞ்ச நேரத்தில் சாப்மன் எழுந்தார். இரண்டு பேர் தாங்க நடந்தார். கூட்டம் கைதட்டியது. ஆட்டக்காரர்களின் அறை மைதானத்தின் அந்தக் கோடியில். இரண்டாவது மூலை அருகே போனபோது கால் மடங்கி விழுந்துவிட்டார். அதன்பிறகு தூக்கித்தான் கொண்டு போனார்கள். பேச வாய் வரவில்லை. பத்திரமாக வைத்துக்கொள்ளச் சொல்லிக் கொடுத்து வைத்திருந்த மோதிரத்தை விரலைக் காட்டிக் கேட்டார் என்று சொல்கிறார்கள். கேத்லீன் கொடுத்த மோதிரம் அது.

ஆட்டம் நிற்கவில்லை. கிளீவ்லாண்ட் 4-3 என்று ஜெயித்தது. அங்கே செயின்ட் லாரன்ஸ் மருத்துவமனையில் நள்ளிரவுக்குப் பிறகு மண்டையோட்டைத் திறந்து ஆபரேஷன். எலும்பு உடைந்து உள்ளே அமுங்கியிருந்தது. மூளையில் இரண்டு பக்கமும் சேதம். ஆகஸ்ட் 17 விடியற்காலை 4.40 மணிக்கு ரே சாப்மன் இறந்து போனார். வயது 29.

தகவல் கேட்டு கிளீவ்லாண்டிலிருந்து ராத்திரி ரயில் ஏறிய கேத்லீன் காலையில் நியூயார்க் வந்து இறங்கியபோது எல்லாம் முடிந்திருந்தது.

யார் குற்றவாளி?

ஊரே கொதித்தது. கோபம் முழுக்க மேஸ் மேல். அவரை ஆட விட்டால் நாங்கள் களம் இறங்க மாட்டோம் என்று வேறு சில அணிகளில் பேச்சு எழுந்தது. மேஸ் தானாகவே அரசு வழக்கறிஞரிடம் போய் வாக்குமூலம் கொடுத்தார். விபத்து என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். ஒரு வாரத்தில் மறுபடி எறிய வந்தார். ஆனால் அந்தப் பருவத்தில் அதன்பிறகு அணி கிளீவ்லாண்டுக்குப் போனபோது மட்டும் அவர் கூடப் போகவில்லை.

மேஸ் தன் ஆட்ட வாழ்க்கையில் 200-க்கு மேல் வெற்றி கண்டவர். அந்தக் கணக்கோடு ஒப்பிடக்கூடிய சிலர் பேஸ்பாலின் புகழ் மண்டபத்தில் இருக்கிறார்கள். அவர் இல்லை. வேண்டுமென்று எறியவில்லை என்று கடைசிவரை சொல்லிக் கொண்டிருந்தார். 1971-இல் இறந்தார். அரை நூற்றாண்டு ஒரு மனுஷன் ஒரே ஒரு பந்தைச் சுமந்து கொண்டு வாழ்ந்தார்.

நண்பர்களே, நம்ம பாடத்தில் விபத்துக் காரணங்களைப் பட்டியல் போடச் சொல்வார்கள் அல்லவா? இதற்குப் போட்டுப் பாருங்கள். பந்து அழுக்கு. வானம் இருட்டு. பந்தை மாற்றாதே என்று மேலிருந்து வந்த சொல். தலைக்குக் கவசம் இல்லை. அடிப்பவர் பிளேட்டை ஒட்டி நின்றார். பிட்ச்சர் உள்ளே எறிந்தார். ஆறில் மேஸ் ஒன்றே ஒன்று. மிச்சம் ஐந்தும் அன்றைக்கு முன்னாலேயே அங்கே இருந்தன. எல்லாரும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்கள். ஆள்மேல் பழியைப் போட்டுவிட்டால் மற்ற ஐந்தையும் யாரும் தொட வேண்டியதில்லை பாருங்கள், அது ஒரு வசதி!

மாறியதும் மாறாததும்

ஒன்று உடனே மாறியது. பந்து அழுக்கானால் மாற்று என்று நடுவர்கள் கண்டிப்பானார்கள். இன்று பந்து ஒரு தடவை மண்ணில் உரசினாலே தூக்கிப் போட்டுவிட்டுப் புதுசு எடுக்கிறார்கள். வெள்ளைப் பந்து வந்ததும் அடிப்பவர்களுக்குக் கண் தெரிந்தது. அந்த வருஷங்களில் ஆட்டமே ரன் மழையாக மாறியதற்கு அதுவும் ஒரு காரணம்.

ஹெல்மெட்? அங்கேதான் விஷயம் இருக்கிறது.

சாப்மன் சாவதற்கு 13 வருஷம் முன்பே, 1907-இல், ரோஜர் பிரெஸ்னஹான் என்ற ஆட்டக்காரர் தலையில் அடிபட்டு ஆஸ்பத்திரியில் கிடந்து எழுந்து, காற்றடைத்த தோல் கவசம் ஒன்றைத் தலையில் மாட்டிப் பார்த்தார். ஆகப் பொருள் இருந்தது. போடத்தான் ஆள் இல்லை. ஆண்பிள்ளை துணித் தொப்பியோடு நிற்பான் என்ற பழக்கம். சாப்மன் செத்த பிறகும் அது மாறவில்லை.

1937-இல் மிக்கி காக்ரன் என்ற பெரிய கேட்ச்சர் தலையில் அடிபட்டு மண்டை உடைந்தது. பிழைத்தார், ஆனால் ஆட்டம் அன்றோடு முடிந்தது. 1941-இல் புரூக்ளின் அணி தொப்பிக்குள் செருகும் தகடுகளைக் கொண்டு வந்தது. 1950-களின் தொடக்கத்தில் பிட்ஸ்பர்க் அணிக்குக் கண்ணாடியிழை ஹெல்மெட் வந்தது. 1956-இல் ஒரு லீக்கும், 1958-இல் இன்னொரு லீக்கும் ஏதாவது ஒரு தலைக்காப்பு வேண்டும் என்றன. முழு ஹெல்மெட் கட்டாயமானது 1971-இல். கார்ல் மேஸ் இறந்த அதே வருஷம்! அதிலும் பழைய ஆட்டக்காரர்களுக்கு விலக்கு. கடைசியாக ஹெல்மெட் இல்லாமல் நின்ற பாப் மான்ட்கோமரி ஆடி ஓய்ந்தது 1979-இல்.

அதுவும் போதவில்லை. 1967-இல் டோனி கோனிக்லியாரோ என்ற 22 வயது நட்சத்திரத்துக்கு ஹெல்மெட் தலையில் இருந்தும் பந்து கன்னத்தில் இறங்கியது. இடது கண் பாதிக்கப்பட்டது. காதை மறைக்கும் மடல் புது ஆட்டக்காரர்களுக்குக் கட்டாயமாக 1983 ஆயிற்று. மூலையில் நிற்கும் பயிற்சியாளருக்கு எதற்கு ஹெல்மெட் என்று இருந்தார்கள். 2007-இல் சிறிய லீக் ஆட்டம் ஒன்றில் அடித்த பந்து மைக் கூல்பா என்ற பயிற்சியாளரின் கழுத்தில் பட்டு அவர் இறந்தார். 2008-லிருந்து அவர்களுக்கும் கட்டாயம்.

நம்ம கிரிக்கெட்டிலும் இதே கதைதானே? 1962-இல் பார்படாஸில் நம்ம கேப்டன் நாரி கான்ட்ராக்டருக்கு மண்டை உடைந்தது. பிழைத்தார், ஆனால் டெஸ்ட் ஆட்டம் முடிந்தது. 1998-இல் டாக்காவில் பக்கத்தில் நின்று ஃபீல்டிங் செய்த ரமன் லம்பா, ஹெல்மெட் போடாமல் அடிபட்டு இறந்தார். 2014-இல் ஆஸ்திரேலியாவின் ஃபில் ஹியூஸ் ஹெல்மெட் போட்டிருந்தும், அது மறைக்காத கழுத்துப் பக்கம் பந்து பட்டு இறந்தார். அதன் பிறகுதான் கழுத்துக் காப்பு பற்றிப் பேச்சு வலுத்தது. ஒவ்வொரு காப்புக்குப் பின்னாலும் ஒரு ஆள் விழுந்திருக்கிறார்.

சாப்மனுக்குப் பின்

அந்த வருஷம் கிளீவ்லாண்ட் அணி கையில் கறுப்புப் பட்டி கட்டிக்கொண்டு மிச்ச ஆட்டங்களை ஆடியது. சாப்மன் இடத்துக்குச் செப்டம்பரில் ஜோ செவெல் என்ற 21 வயது இளைஞரைக் கூட்டி வந்தார்கள். நடுங்கிக்கொண்டு வந்தவர், பிற்காலத்தில் புகழ் மண்டபத்திலேயே இடம் பிடித்தார். கிளீவ்லாண்ட் லீக்கில் முதலிடம் வந்தது. உலகத் தொடரிலும் புரூக்ளினை 5-2 என்று ஜெயித்தது. அணியின் முதல் உலகப் பட்டம். ஆளுக்கு வந்த பரிசுப் பங்கில் முழுப் பங்கு ஒன்றை, 3,986 டாலர், கேத்லீனுக்குக் கொடுத்தார்கள்.

1921 பிப்ரவரியில் பெண் குழந்தை பிறந்தது. அப்பா பெயரையே ரே என்று வைத்தார்கள். அந்தக் குழந்தை அப்பாவைப் பார்த்ததே இல்லை. கேத்லீன் பிறகு மறுமணம் செய்து கொண்டார். ஆனாலும் 1928-இல் இறந்து போனார். அடுத்த வருஷமே அந்தப் பெண்ணும் தட்டம்மையில் போய்விட்டாள். வயது எட்டு. ஒரு பந்து ஒரு ஆளோடு நிற்கவில்லை.

ரசிகர்கள் காசு போட்டு வெண்கலத் தகடு ஒன்று செய்து மைதானத்தில் மாட்டினார்கள். மைதானம் மாற, தகடு எங்கோ சாமான் அறையில் மறந்து போனது. 2007-இல் கண்டெடுத்துச் சுத்தம் செய்து மறுபடி மைதானத்தில் வைத்திருக்கிறார்கள். கிளீவ்லாண்ட் லேக் வியூ இடுகாட்டில் அவர் கல்லறையில் இன்றும் யாராவது வந்து ஒரு பந்தையோ தொப்பியையோ வைத்துவிட்டுப் போகிறார்கள்.

என் தப்பு

இப்போது நான் சொல்கிறேன் என்றதைச் சொல்லிவிடுகிறேன்.

முதலாண்டில் ஃபிட்டிங் முடிந்து கிரைண்டிங் வீல் பக்கம் எங்களை விட்டார்கள். கண்ணாடி போட்டுக்கொண்டுதான் நிற்க வேண்டும் என்று சார் முதல் நாளே சொல்லி, கண்ணாடியும் கொடுத்தார். எங்கள் பேட்ச்சில் ஒழுங்காகப் போட்டவன் என் பெஞ்ச்மேட் ஒருத்தன்தான். நான் சும்மா இருந்தேனா? நீச்சல் வீரன் வந்துட்டான், தண்ணி ஊத்துங்கடா என்று தினமும் கிண்டல். பேட்ச்சே சிரிக்கும். எனக்கு அதில் ஒரு பெருமை. மூன்றாவது வாரம் அவன் கண்ணாடியை நெற்றிக்கு மேலே ஏற்றி வைத்துக்கொண்டு நின்றான். நான் ஜெயித்துவிட்டேன்.

அன்றைக்கே ஒரு பொடித்துணுக்கு அவன் வலது கண்ணில் ஏறியது. கருவிழியில் குத்தி நின்றது. கண் ஆஸ்பத்திரியில் டாக்டர் அதை எடுக்கிற வரைக்கும் நான் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். அவன் அம்மா வந்து என்னைப் பார்த்து, கூட வந்ததுக்கு நல்லா இருப்பா தம்பி என்று கையைப் பிடித்துக் கொண்டார். எனக்கு வாயைத் திறக்க முடியவில்லை. நல்ல வேளை, பார்வைக்கு ஒன்றும் ஆகவில்லை. ஒரு மில்லிமீட்டர் இந்தப் பக்கம் என்றால் கதையே வேறு என்று டாக்டர் சொன்னார்.

வெட்கத்தில் பல நாள் அவன் முகத்தையே பார்க்கவில்லை. அப்போதுதான் நூலகத்தில் விளையாட்டு வரலாற்றுப் புத்தகம் ஒன்றில் ரே சாப்மன் கதையைப் படித்தேன். ஹெல்மெட் இருந்தும் போட ஆள் இல்லை என்ற இடம் வந்ததும் புத்தகத்தை மூடிவிட்டேன். பிரெஸ்னஹானைப் பார்த்துச் சிரித்தவர்கள் யாரோ எவரோ இல்லை, நான்தான் என்று தோன்றியது. சிரித்தவர்கள் பெயர் எந்தக் கணக்கிலும் வராது. பழி எப்போதும் கடைசியாகப் பந்தை எறிந்தவனுக்குத்தான்.

என் பெஞ்ச்மேட்டிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டேன். அவன் வழக்கம்போல் சிரித்துவிட்டு விட்டுவிட்டான். இருந்தாலும் எழுத்தில் ஒரு தடவை கேட்க வேண்டும் என்றுதான் இந்தக் கட்டுரை.

தம்பிகளே, தங்கைகளே! நாளைக்கு நாம் ஒவ்வொருவரும் ஏதோ ஒரு கம்பெனியில் லேத் முன்னாலோ, பிரஸ் முன்னாலோ, பேனல் போர்டு முன்னாலோ நிற்கப் போகிறோம். சிலர் சூப்பர்வைசராகவும் ஆவோம். அழுக்குப் பந்தையே ஓட்டு, செலவைக் குறை என்று மேலிருந்து சொல்வார்கள். பக்கத்தில் இருப்பவன் கிண்டல் செய்வான். இரண்டையும் கேட்காமல் கண்ணாடியை மாட்டுங்கள், ஹெல்மெட்டைப் போடுங்கள், கார்டு இல்லாத மெஷினில் கை வைக்காதீர்கள். ஒருவன் போட்டுக்கொண்டு நின்றால், தயவு செய்து அவனைப் பார்த்துச் சிரிக்காதீர்கள்.

கார்ல் மேஸ் மாதிரி அரை நூற்றாண்டு ஒரு நிமிஷத்தைச் சுமக்கிற நிலைமை நம்மில் யாருக்கும் வர வேண்டாம். ரே சாப்மன் மாதிரி ஒரு சிரித்த முகம் நம் பேட்ச்சில் குறையவும் வேண்டாம்.